அருகே நின்று பேசுதல்: ஆவணப்படமும் அயலாரும்

சபை அறிக்கைகளிலும் ஊழிய மடல்களிலும் எளியோரின் படங்களை நாம் தாராளமாக வெளியிடுகிறோம். இப்பொழுது கைப்பேசியில் எடுக்கும் அசையும் படங்களும் அவற்றோடு சேர்ந்துகொண்டன. படத்தில் காணப்படுவோர் தம்மைக் குறித்து என்ன கூற விரும்பினர் என்று நாம் கேட்பது அரிது. ஆவணப்படக் கலைஞர் இருவரின் பணி இவ்விடத்தில் நமக்குத் துணைசெய்யும்.

வியட்நாமில் பிறந்த டிரின் மின்-ஹா 1982-இல் வெளியிட்ட 'ரீஅசெம்பிளாஜ்' என்னும் படம், செனகல் நாட்டுக் கிராமப் பெண்களைக் காட்டுகிறது. அவர்களைப் 'பற்றி'ப் பேசாமல், அவர்கள் 'அருகே' நின்று பேசுவதே தம் நோக்கம் என்பது அவருடைய நிலை. ஒலி திடீரென நின்றுவிடும்; காட்சி அறுபடும்; சொன்னதே திரும்பவும் வரும். முதன்முறை காண்போருக்கு இது எரிச்சலூட்டலாம். ஆயினும், இம்மக்களை முற்றும் அறிந்துவிட்டோம் என்னும் பொய்யான நிறைவு நமக்கு உண்டாகாதபடி இத்தடங்கல்களே தடுக்கின்றன.

மதுரை அமுதன் ஆர்.பி. வேறு வழியில் சென்றவர். அவர் 2003-இல் எடுத்த படத்தின் பெயர் 'பீ'. மதுரைத் தெருவொன்றில் மனித மலத்தை அகற்றும் துப்புரவுப் பணிப்பெண் ஒருவரை அது பின்தொடர்கிறது. இக்கொடுமையைத் தடைசெய்யும் சட்டம் 1993-இலேயே இயற்றப்பட்டதென்பதை நினைவிற்கொள்க. அவர் ஆக்கிய மற்றொரு குறும்படமோ இத்தகைய காட்சிகளை ஏ.ஆர். ரகுமானின் 'வந்தே மாதரம்' இசையோடு இணைத்தது. அங்கே உண்மையில் காட்டப்படுவோர் பாட்டைக் கேட்டுப் பெருமிதம் கொள்ளும் நாமே.

இத்தொழிலைச் செய்யும்போது ஒருவரைப் படமெடுப்பது அவருடைய மாண்பைக் குலைக்காதோ எனச் சிலர் வினவுவர். வினா நியாயமானதே. ஆனால் அதற்கு விடையளிக்கும் உரிமை நமக்கன்று, அவருக்கே உரியது. எரிகோவின் வழியருகே பர்திமேயு குருடன் என்பது யாவருக்கும் தெரிந்திருந்தது. அப்படியிருந்தும், அவன் வேண்டுவது யாதென்று ஆண்டவர் அவனையே கேட்டார் (மாற்கு 10).

வீரகேரளம்புதூர், சுரண்டை வட்டாரத்தில் பீடி சுற்றும் தாய்மார் பலர் உளர். அவர்களைப் படமெடுக்கச் செல்லும் இளம் போதகருக்கு வளைந்த முதுகும், மடியிலுள்ள முறமும், வாடிய முகமும் எளிதில் அகப்படும். அத்தாய் பேச விரும்புவதோ, ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கிடைக்கும் கூலியைப் பற்றியும், தரமில்லை என்று கழித்துத் தள்ளப்படும் பீடிகளைப் பற்றியும், தாம் படிக்கவைத்த மகளைப் பற்றியும் இருக்கலாம். எனவே முதல் நாள் கேமராவின்றிச் செல்வது நலம். எடுத்த படத்தைச் சபையாருக்குக் காட்டுமுன் அவருக்குக் காட்டவேண்டும். அவர் நீக்கச் சொல்வதை நீக்கவேண்டும்.

இதிலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. "ஐயர் கேட்டால் மாட்டேன் என்று எப்படிச் சொல்வது?" என்பதே நம் சபை மக்களின் இயல்பு. அங்கியணிந்தவருக்குக் கொடுக்கும் சம்மதத்தை முழுச் சம்மதமாகக் கொள்ளலாகாது. ஆதலின் அக்கேள்வியைப் போதகர் கேளாமல், அவர் இல்லாத வேளையில் பெண்கள் ஐக்கிய சங்கத்தாரில் ஒருவர் கேட்பதே தக்கது.