எண்ணெயில் எழுதிய முகங்கள்

சாமி படங்களால் பெயர் பெற்ற ராஜா ரவிவர்மா, தொழிலால் உருவப்பட ஓவியர். மகாராஜாக்கள், திவான்கள், கவர்னர்கள், நீதிபதிகள் என முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாக மனிதர்களை எதிரில் உட்கார வைத்து வரைந்த கைதான் லட்சுமியையும் சரஸ்வதியையும் வரைந்தது. அந்தத் தெய்வங்களின் முகத்தில் ஒரு வீட்டுப் பெண்ணின் சாயல் தெரிவதற்குக் காரணம் இந்தப் பழக்கமே.

அவர் 1848 ஏப்ரல் 29 அன்று திருவிதாங்கூர் சமஸ்தானத்தைச் சேர்ந்த கிளிமானூரில் பிறந்தார். கலை அந்த வீட்டில் புழங்கியது. தாய்மாமன் ராஜராஜ வர்மா தஞ்சாவூர் பாணியில் படம் எழுதுபவர். தம்பி சி. ராஜராஜ வர்மாவும் தங்கை மங்களா பாயும் பின்னாளில் ஓவியர்களானார்கள். மருமகனின் கைத்திறனைக் கண்ட மாமன், 1862-ல் பதினான்கு வயதில் அவரைத் திருவனந்தபுரத்துக்கு அழைத்துச் சென்றார். மகாராஜா ஆயில்யம் திருநாள் ஆதரவு கொடுத்தார்.

அரண்மனையில் அவர் கண்ட புதுமை எண்ணெய் வண்ணம். தஞ்சாவூர்ப் படத்தில் பலகைமேல் துணி ஒட்டி, சுண்ணப் பூச்சுப் பூசி, தங்க ரேக்கும் கல்லும் பதிப்பார்கள். வண்ணம் பெரும்பாலும் தட்டையாகவே நிற்கும். எண்ணெய் வண்ணத்தின் தன்மை வேறு. ஆளிவிதை எண்ணெயில் குழைத்த வண்ணம் காற்றோடு சேர்ந்து மெல்லத்தான் இறுகும். அதற்கு நாட்கணக்கில் ஆகலாம். ஈரம் இருக்கும்போதே ஒரு நிறத்தை இன்னொன்றுக்குள் இழைக்கலாம். காய்ந்தபின் மேலே மெல்லிய படலமாக மறுபடி பூசலாம். கன்னத்தில் விழும் வெளிச்சம் மோவாயருகே நிழலாகக் கரைவதைக் காட்ட இதைவிடத் தோதான வழி அன்று இல்லை. பட்டின் மினுக்கையும் தோலின் மென்மையையும் வேறுபடுத்திக் காட்டவும் அதுவே உதவியது.

ஆனால் அந்த வித்தையைச் சொல்லித் தர ஆள் கிடைக்கவில்லை. அரண்மனையில் எண்ணெய் வண்ணம் அறிந்தவர் மதுரைக்காரரான ராமசாமி நாயக்கர். இளைஞரைப் போட்டியாளராகக் கண்ட அவர் கற்றுத்தர மறுத்துவிட்டார். நாயக்கரின் சீடர் ஆறுமுகம் பிள்ளை இரவில் ரகசியமாக வந்து சில நுட்பங்களைக் காட்டிக்கொடுத்தார் என்று வரலாறு எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள்.

1868-ல் தியடோர் ஜென்சன் வந்தார். டென்மார்க்கில் பிறந்து பிரிட்டனில் தொழில் நடத்திய உருவப்பட ஓவியர் அவர். மகாராஜாவையும் அரச குடும்பத்தையும் வரைய வந்தவர், பாடம் சொல்ல இணங்கவில்லை. மகாராஜாவின் சொல்லுக்காக, தாம் வரைவதைப் பக்கத்தில் நின்று பார்க்க மட்டும் ரவிவர்மாவை அனுமதித்தார். பார்ப்பது ஒன்றே போதுமானதாக இருந்தது. தூரிகை எங்கே அழுந்துகிறது, எந்த நிறத்துக்குப் பின் எந்த நிறம் வருகிறது என்பதைக் கண்ணால் கற்று, தனியே உட்கார்ந்து செய்து பார்த்தார். கலைக்கல்லூரி எதிலும் அவர் படிக்கவில்லை.

1870-ல் கோழிக்கோட்டில் நீதிபதி கிழக்கே பாலாட்டு கிருஷ்ண மேனோன் குடும்பத்தை வரைந்தார். கூலி பெற்று அவர் செய்த முதல் வேலை அது. 1873-ல் சென்னைக் கண்காட்சியில், கூந்தலில் மல்லிகை சூடும் நாயர் பெண்ணின் படம் கவர்னரின் தங்கப் பதக்கத்தைப் பெற்றது. அடுத்த ஆண்டு சுவரபத் என்னும் நரம்புக் கருவியை வாசிக்கும் தமிழ்ப் பெண்ணின் படத்துக்கும் அதே பரிசு கிடைத்தது. 1875-ல் இந்தியா வந்த வேல்ஸ் இளவரசர் எட்வர்டுக்கு அந்தப் படம் அன்பளிப்பாகப் போனது. சென்னை கவர்னர் பக்கிங்ஹாம் கோமகன் அவருடைய சகுந்தலை படத்தை வாங்கியதோடு, தம் உருவப்படத்தையும் வரையச் சொன்னார்.

1880-ல் ஆயில்யம் திருநாள் மறைந்தார். அடுத்து வந்த விசாகம் திருநாளோடு ரவிவர்மாவுக்கு ஒத்துப்போகவில்லை. ஆனால் வாசல் வேறிடத்தில் திறந்தது. கும்பகோணத்துக்காரரான சர் டி. மாதவராவ் அப்போது பரோடாவின் திவான். அவர் அழைப்பில் 1881-ல் அங்கே சென்று, இளம் அரசர் மூன்றாம் சாயாஜிராவின் உருவப்படத்தை வரைந்தார். பின்னர் மைசூரும் அழைத்தது. பரோடாவுக்காகப் பதினான்கு புராணப் படங்கள் எழுதும் முன் வடநாடெங்கும் பயணம் செய்து முகங்களையும் உடைகளையும் கவனித்தார். புராணப் பெண்களுக்குப் புடவை உடுத்தினார். 1893-ல் சிகாகோ உலகக் கண்காட்சிக்குச் சென்ற அவருடைய பத்துப் படங்களிலும் இந்தியப் பெண்களே இருந்தார்கள்.

தம்பி ராஜராஜ வர்மாவின் பங்கு உரிய அளவு பேசப்படவில்லை. ஊர் ஊராக அண்ணனோடு சென்று, பல படங்களின் பின்புலக் காட்சிகளை வரைந்தவர் அவர். அவர் எழுதிய நாட்குறிப்பு இல்லாவிட்டால், இறந்துபோனவர்களைப் புகைப்படம் பார்த்து வரைந்தது முதல் கூலி பேசியது வரை இந்தத் தொழிலின் அன்றாடம் நமக்குத் தெரிந்திருக்காது.

1894-ல் பம்பாயில் ரவிவர்மா அச்சகம் தொடங்கினார். ஜெர்மானியத் தொழிலாளர்கள், ஒவ்வொரு நிறத்துக்கும் தனி அச்சுக் கல், எண்ணெய்ப் படம்போல மினுங்கும் ஓலியோகிராஃப் தாள். முதலில் வந்தது சகுந்தலையின் பிறப்பு. ஓவியத்தை விலை கொடுத்து வாங்க முடியாத வீடுகளுக்கும், கருவறையை நெருங்கவிடாமல் தடுக்கப்பட்டவர்களின் சுவர்களுக்கும் தெய்வ உருவம் இப்படித்தான் வந்து சேர்ந்தது. இன்று கடைகளில் தொங்கும் காலண்டர் லட்சுமிக்கும் அந்தத் தாள்களே முன்னோடி. அச்சகம் நட்டத்தில் ஓடியது. பின்னர் ஜெர்மானியரான ஃபிரிட்ஸ் ஷ்லைஷரின் கைக்கு மாறியது.

1904-ல் பிரிட்டிஷ் அரசு கைசர்-இ-ஹிந்த் தங்கப் பதக்கம் வழங்கியது. 1905 தொடக்கத்தில் தம்பி இறந்தார். நீரிழிவால் தளர்ந்திருந்த ரவிவர்மா 1906 அக்டோபர் 2 அன்று கிளிமானூரில் காலமானார். அவருடைய படங்களை 1979-ல் இந்திய அரசு தேசியக் கலைச்செல்வமாக அறிவித்தது. அவற்றை நாட்டுக்கு வெளியே விற்க முடியாது. அசல்களைப் பார்க்க விரும்புவோர் வடோதரா, மைசூரு, திருவனந்தபுரம் வரை போகலாம்; தமிழ்நாட்டில் இருப்பவர்களுக்கு எழும்பூர் அரசு அருங்காட்சியகம் பக்கத்தில் இருக்கிறது.