தூண்களின் கீழ் ஒரு நீர்வழி

எக்கியார்குப்பத்தை அடுத்துள்ளன மரக்காணத்து உப்பளங்கள். மரக்காணத்திலிருந்து வடக்கே, சென்னை வழியாக ஆந்திர நாட்டுப் பெத்தகஞ்சாம் வரை ஏறத்தாழ 420 கிலோமீட்டர் நீள்வது பக்கிங்காம் கால்வாய். முற்காலத்தில் உப்பும் விறகும் ஏற்றிய படகுகள் இதன் வழியே சென்னை சேர்ந்தன. அந்நகரில் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதி, 1877–78 பெரும்பஞ்சத்தில் பசியால் வாடிய மக்கள் கூலிக்கு வெட்டியதாகும்.

இரயிலும் சுமையுந்தும் பெருகவே படகுகள் மறைந்தன. 1997-இல் திருமயிலை வரை நீண்ட பறக்கும் இரயில் பாதையின் தூண்கள் அக்கால்வாயினுள்ளேயே ஊன்றப்பட்டன. மேலே செல்லும் பயணிகளுள் பலர் கீழிருக்கும் நீர்வழியை அறியார். ஆயினும் மழைவெள்ளம் அதனை மறப்பதில்லை. வழி அடைபட்டால் கரையோர வீடுகளுள் புகுந்துவிடும். படகு ஓடாவிடினும், வடிகாலாக நின்று அது இன்றும் நகரைக் காக்கிறது. அதனைக் குப்பையால் தூர்க்காது பேணுதல் நம் கடமையன்றோ?