மலைப்பாம்பு நண்பனா, பகைவனா?

மலைப்பாம்பு என்ற பெயரைக் கேட்டவுடன் உங்கள் மனத்தில் என்ன தோன்றுகிறது? ஆளையே விழுங்கிவிடும் பூதம் போன்ற ஒரு பிராணி என்றுதானே? சினிமாக்களும் கதைகளும் அப்படித்தான் நமக்குச் சொல்லித் தந்திருக்கின்றன. ஆனால் விஞ்ஞானம் படிக்கும் மாணவர் கேட்க வேண்டிய கேள்வி வேறு. இந்தப் பிராணி காட்டில் என்ன வேலை செய்கிறது? அது இருப்பதால் மற்ற உயிர்களுக்கு நன்மையா, தீமையா?

இக்கேள்விக்கு விடை காண ஒரு நல்ல வாய்ப்பு நமக்குக் கிடைத்திருக்கிறது. நம் நாட்டு மலைப்பாம்பும் பர்மிய மலைப்பாம்பும் மிக நெருங்கிய உறவினர்கள். 2009ஆம் ஆண்டு வரை விஞ்ஞானிகள் இவ்விரண்டையும் ஒரே இனத்தின் இரு பிரிவுகளாகவே கருதி வந்தார்கள். நம் நாட்டு மலைப்பாம்பு பன்னெடுங் காலமாக இங்கேயே வாழ்ந்து வருகிறது. அதனால் எந்தக் காடும் அழியவில்லை. பர்மிய மலைப்பாம்பு தன் தாயகமான தென்கிழக்கு ஆசியாவிலிருந்து அமெரிக்காவின் ஃபுளோரிடா மாநிலத்துக்கு மனிதர்களால் கொண்டு செல்லப்பட்டது. அங்கே ஒரு பெரும் சதுப்பு நிலக் காட்டில் முயலையே காண முடியாமற் போயிற்று!

ஏறத்தாழ ஒரே மாதிரியான பாம்பு, ஓரிடத்தில் காவல்காரனாகவும் வேறோரிடத்தில் கொள்ளைக்காரனாகவும் இருப்பது ஏன்? முதலில் அது வாழும் முறையைப் பார்ப்போம்.

சிக்கனமான உடல்

மலைப்பாம்புக்கு விஷம் கிடையாது. இரையைப் பற்களால் கவ்விப் பிடித்து, உடலால் சுற்றி இறுக்கிக் கொல்லும். எலும்புகளை நொறுக்கிக் கொல்கிறது என்று பலர் நினைக்கிறார்கள். மூச்சு முட்டித்தான் இரை இறக்கிறது என்றே விஞ்ஞானிகளும் வெகுகாலம் எண்ணியிருந்தார்கள். ஆனால் இதே முறையில் வேட்டையாடும் போவா பாம்பை ஆராய்ந்து 2015இல் வெளியிட்ட முடிவு வேறு மாதிரி இருந்தது. இறுக்கம் தொடங்கிய சில விநாடிகளிலேயே இரையின் இரத்த ஓட்டம் தடைப்பட்டுவிடுகிறது என்று தெரிய வந்தது.

அடுத்து, அதன் பசியைக் கவனியுங்கள். நாமும் புலியும் பூனையும் வெப்ப இரத்தப் பிராணிகள். உண்ணும் உணவில் பெரும் பகுதியை உடலின் சூட்டைக் காப்பதற்கே செலவிடுகிறோம். பாம்புக்கு இந்தச் செலவு இல்லை. வெயிலில் படுத்தே சூட்டைப் பெற்றுக் கொள்கிறது. ஆகவே பெரிய இரை ஒன்று கிடைத்துவிட்டால், வளர்ந்த மலைப்பாம்பு பல வாரங்கள், ஏன் சில மாதங்கள் கூட, பட்டினி கிடக்க முடியும்.

வேலை இல்லாதபோது ஆலையின் இயந்திரங்களை நிறுத்தி வைப்பது போல, வயிறு காலியாக இருக்கும்போது இப்பாம்பின் குடலும் ஏறக்குறைய ஓய்வு எடுத்துக் கொள்கிறது. இரை உள்ளே போனதும் எல்லாம் விழித்துக் கொள்கின்றன. பர்மிய மலைப்பாம்பின் இதயத் தசை இரண்டே நாட்களில் 40 சதவீதம் வரை பெருக்கிறது. உடல் சக்தியைச் செலவிடும் வேகம் சில சமயம் 44 மடங்கு வரை உயர்கிறது. செரித்து முடிந்ததும் எல்லாம் பழைய நிலைக்குத் திரும்பிவிடுகின்றன.

இந்தச் சிக்கனத்தை நினைவில் வைத்துக் கொள்ளுங்கள். ஒரு புலி வாழத் தேவையான இரையைக் கொண்டு பல மலைப்பாம்புகள் வாழலாம் என்பது இதன் பொருள். இது நன்மையா, தீமையா என்பது இடத்தைப் பொறுத்தது.

தாயகத்தில்

நம் நாட்டு மலைப்பாம்பு குட்டியாக இருக்கும்போது எலி போன்ற சிறு பிராணிகளைப் பிடித்துத் தின்கிறது. வளர வளர முயல், பறவைகள், மான்குட்டி என்று இரையின் அளவும் பெரிதாகிறது. அதாவது, ஒரே பாம்பு தன் வாழ்நாளில் உணவுச் சங்கிலியின் பல படிகளில் வேலை செய்கிறது. எலி, முயல் போன்றவை வேகமாகப் பெருகுபவை. அவற்றின் எண்ணிக்கை அளவு கடந்து போகாமல் காப்பவர்களுள் மலைப்பாம்பும் ஒன்று.

ஆனால் இது கதையின் ஒரு பாதிதான். மலைப்பாம்பே மற்றவற்றுக்கு இரையும் ஆகிறது. அதன் முட்டைகளும் குட்டிகளும் கீரிக்கும் உடும்புக்கும் பருந்துகளுக்கும் உணவு. வளர்ந்த பாம்பையும் புலி, சிறுத்தை, முதலை ஆகியவை விட்டு வைப்பதில்லை. மேலிருந்து ஒரு கை, கீழிருந்து ஒரு கை என இரு பக்கமும் பிடித்துக் கொண்டிருப்பதால் அதன் தொகை வரம்புக்குள் நிற்கிறது.

ராஜஸ்தான் மாநிலத்தில் பரத்பூர் அருகே கேவலாதேவ் தேசியப் பூங்கா இருக்கிறது. பறவைகளுக்குப் பெயர் போன இவ்விடத்தில் மலைப்பாம்புகளும் உண்டு. எஸ். பூபதி என்ற விஞ்ஞானி இவற்றின் வாழ்க்கையை விரிவாக ஆராய்ந்தார். அங்கே குளிர்காலம் கடுமையானது. மலைப்பாம்புக்கோ வளை தோண்டத் தெரியாது. அது முள்ளம்பன்றி போன்றவை தோண்டிய வளைகளில் தங்கி, பகலில் வளை வாயிலில் படுத்து வெயில் காய்கிறது. முள்ளம்பன்றி குடியிருக்கும் வளையிலேயே பாம்பும் தங்குவது உண்டு! அங்கே முள்ளம்பன்றி மறைந்தால் மலைப்பாம்புக்கும் வீடு இல்லை. காட்டில் எந்த உயிரும் தனியாக வாழவில்லை என்பது இதிலிருந்து விளங்குகிறது அல்லவா?

அந்நிய மண்ணில்

இனி ஃபுளோரிடாவுக்குப் போவோம். அம்மாநிலத்தின் தென்பகுதியில் எவர்கிளேட்ஸ் என்னும் பரந்த சதுப்பு நிலம் இருக்கிறது. அமெரிக்காவில் பலர் பர்மிய மலைப்பாம்பை வீட்டில் வளர்க்க ஆசைப்பட்டு வாங்கினார்கள். குட்டியாக வந்தது சில ஆண்டுகளில் பத்தடிக்கு மேல் வளர்ந்தது. வைத்துக் கொள்ள முடியாமல் சிலர் காட்டில் விட்டார்கள். சில பாம்புகள் தப்பியோடின. வெப்பம், தண்ணீர், புதர், இரை எல்லாம் அங்கே இருந்தன. 2000ஆம் ஆண்டில், அவை அங்கே இனப்பெருக்கம் செய்து நிலைத்துவிட்டன என்பது உறுதியாயிற்று.

விளைவு என்ன? 1996-97இலும் பிறகு 2003 முதல் 2011 வரையிலும் அங்குள்ள சாலைகளில் இரவு நேரத்தில் கண்ணில் படும் பிராணிகளைக் கணக்கெடுத்தார்கள். ராக்கூன் 99 சதவீதம் குறைந்திருந்தது. வயிற்றுப் பையில் குட்டியைச் சுமக்கும் ஒப்போசமும் ஏறத்தாழ அதே அளவு குறைந்திருந்தது. பாப்கேட் என்னும் காட்டுப் பூனை 87 சதவீதம் குறைந்திருந்தது. முயல்களும் நரிகளும் ஒன்றுகூடக் கண்ணில் படவில்லை!

பாம்புதான் காரணம் என்று எப்படிச் சொல்வது? விஞ்ஞானிகள் ஒரு சோதனை செய்தார்கள். சதுப்பு முயல்களுக்குச் சிறு ரேடியோ கருவிகளைப் பூட்டி, பாம்புகள் உள்ள பகுதியில் விட்டார்கள். இறந்த முயல்களில் 77 சதவீதம் மலைப்பாம்புக்கு இரையாகியிருந்தன. சில முயல்களின் கருவி பாம்பின் வயிற்றுக்குள்ளிருந்தே ஒலி அனுப்பியது!

மாற்றம் இத்துடன் நிற்கவில்லை. ஆமை முட்டைகளைத் தோண்டித் தின்பது ராக்கூனின் வழக்கம். ராக்கூன் குறைந்த இடங்களில் முட்டைகள் களவு போவதும் குறைந்தது. கொசுக்களின் கதையோ கவலை தருவது. முன்பு பலவகைப் பாலூட்டிகளைக் கடித்து வந்த ஒரு கொசு இனம், அவை மறைந்ததும் பெரும்பாலும் பருத்தி எலி என்னும் எலியையே கடிக்கத் தொடங்கியது. மனிதருக்கும் நோய் தரக்கூடிய எவர்கிளேட்ஸ் வைரஸ் அந்த எலியின் உடலில்தான் வளர்கிறது. ஒரு பாம்பு காட்டுக்குள் நுழைந்தது. கடைசியில் கொசுவின் உணவே மாறிவிட்டது!

வேறுபாடு எதில்?

இப்போது நம் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது. பாம்பின் குணம் மாறவில்லை. அதைச் சுற்றியிருந்த உலகம்தான் மாறியது. நம் நாட்டு முயலும் மானும் மலைப்பாம்போடு பல்லாயிரம் தலைமுறைகளாகப் பழகியவை. எவர்கிளேட்ஸ் பிராணிகளுக்கு இத்தகைய எதிரியைத் தெரியாது. குட்டிப் பாம்புகளை அங்குள்ள முதலைகள் தின்றாலும், வளர்ந்த பாம்பை அடக்க வல்லவை மிகக் குறைவு. தாயகத்தில் பெரும்பாலும் அழிந்துபோகும் முட்டைகளுக்கு ஈடாக அது ஏராளமாக முட்டையிடுகிறது. 2021 டிசம்பரில் ஃபுளோரிடாவில் பிடிபட்ட, ஏறக்குறைய 98 கிலோ எடையுள்ள பெண் பாம்பின் வயிற்றில் 122 முட்டைகள் வளர்ந்து கொண்டிருந்தன. காவல் இல்லாத இடத்தில் இந்தத் தாராளமே பேராபத்தாகிறது. சிக்கனமான உடலும் அப்படியே. இரை குறைந்தாலும் அது பட்டினியால் எளிதில் மடிவதில்லை.

இரை தேடும் பாம்பையே தேடிப் பிடிக்க இங்கிருந்தும் இருவர் அழைக்கப்பட்டார்கள் என்பது உங்களுக்குத் தெரியுமா? செங்கல்பட்டு மாவட்டத்து இருளர்களான வடிவேல் கோபாலும் மாசி சடையனும் 2017இல் ஃபுளோரிடா சென்றார்கள். தடத்தைப் பார்த்துத் தேடும் தங்கள் பரம்பரைத் திறமையால் முதல் இரண்டு வாரங்களுக்குள் 13 மலைப்பாம்புகளைப் பிடித்தார்கள். 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. ஆயினும், எத்தனை பேர் தேடினாலும் அங்கே பரவிவிட்ட பாம்புகளை முற்றிலும் அகற்ற முடியவில்லை. 2012இல் அமெரிக்கா இப்பாம்பின் இறக்குமதியைத் தடை செய்தது. வெள்ளம் வந்தபின் போட்ட அணை அது.

நாம் செய்யக் கூடியது

அங்கே பாம்பைக் கண்டால் பிடித்து அகற்ற வேண்டும். இங்கே கண்டால் காப்பாற்ற வேண்டும். இரண்டும் முரண் அல்ல. இரண்டுக்கும் காரணம் ஒன்றே. 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி மலைப்பாம்பைக் கொல்வதும் பிடித்து வைப்பதும் குற்றம். வயலிலோ தோட்டத்திலோ அதைக் கண்டால் விலகி நின்று, கல்லெறிய வருபவர்களைத் தடுத்து, பெரியவர்கள் மூலம் வனத்துறைக்குத் தகவல் கொடுங்கள். வெளிநாட்டுப் பிராணி எதையும் விளையாட்டாக வாங்கி வளர்த்து, பிறகு ஏரியிலோ காட்டிலோ விட்டுவிடாதீர்கள்.

கடைசியாக ஒரு பயிற்சி. ஒரு தாளில் புல், எலி, முயல், மான், கீரி, மலைப்பாம்பு, புலி ஆகியவற்றை எழுதி, எது எதைத் தின்னும் என்று அம்புக் குறி போடுங்கள். பிறகு மலைப்பாம்பை மட்டும் அழித்துவிடுங்கள். எத்தனை அம்புகள் தொடக்கமோ முடிவோ இன்றி நிற்கின்றன என்று எண்ணிப் பாருங்கள். தன் வீட்டில் மலைப்பாம்பு செய்யும் வேலை எவ்வளவு என்பது அப்போது உங்களுக்கே புரியும்.