முப்பது விநாடி பார்த்தோம்... அந்தத் தாய் என்ன ஆனார்?

மூலனூரில் பருத்தி ஏலம் நடக்கும் விற்பனைக் கூடமோ, பனியன் கம்பெனி வேன் வந்து நிற்கும் முக்கோ... காத்திருக்கும் நேரத்தில் போனில் ஓடுவது பெரும்பாலும் முன்பின் தெரியாத யாரோ ஒருவரின் வீட்டு விஷயம்தான். புருஷன் பொண்டாட்டி சண்டை, மருமகளின் அழுகை, யார் வீட்டுப் பிள்ளையோ தவறி விழும் காட்சி. முப்பது விநாடி பார்த்துவிட்டு, ‘என்ன பொம்பள இவ’ என்று ஒரு வரி போட்டுவிட்டு, அடுத்த ரீலுக்குப் போய்விடுகிறோம்.

அந்த ஒரு வரி எங்கே போய்ச் சேருகிறது?

2024 ஏப்ரல் 28. சென்னையை அடுத்த திருமுல்லைவாயலில், அடுக்குமாடி வீட்டின் பால்கனியில் இருந்து தவறிய கைக்குழந்தை, கீழே இருந்த கூரைத் தகட்டில் சிக்கிக்கொண்டது. அக்கம்பக்கத்தினர் போர்வையை விரித்துப் பிடித்தார்கள். சிலர் முதல் மாடி ஜன்னல் வழியாக ஏறிக் குழந்தையை மீட்டார்கள். வீடியோ நாடு முழுக்க வைரல்.

குழந்தை பிழைத்துவிட்டது. அதோடு விட்டிருக்கலாம். ஆனால், ‘புள்ளையைக்கூடப் பார்த்துக்கத் தெரியாதா?’ என்ற ரீதியில் தாயை நோக்கிக் கமென்ட்கள் குவிந்தன. மூன்று வாரங்களில், கோவை மாவட்டத்தில் உள்ள பெற்றோர் வீட்டில் அந்தத் தாய் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். மன அழுத்தத்தில் இருந்ததாகச் செய்திகள் வந்தன. ஒரு தற்கொலைக்கு ஒரே காரணம் என்று எதையும் சொல்லிவிட முடியாதுதான். ஆனால், அந்தச் செய்தியோடும் அதே பழைய வீடியோதான் மறுபடி ஓடியது.

ஊர் வம்பு ஒன்றும் புதிதல்ல. ஆனால் திண்ணையில் வம்பு பேசியவர், மறுநாள் அந்த வீட்டுக்காரர் முகத்தில் விழித்தாக வேண்டும். ஒரு துக்கம் என்றால் போய் நிற்க வேண்டும். போனில் அந்தக் கூச்சத்துக்கே வேலையில்லை.

‘நான் கமென்ட் போடலையே, சும்மா பார்த்தேன்’ என்பவர்களுக்கு ஒன்று. எவ்வளவு நேரம் பார்க்கிறோம், திரும்பப் பார்க்கிறோமா என்பதை எல்லாம் கணக்குப் போட்டுத்தான் ஆப் அந்த வீடியோவை அடுத்தவருக்குத் தள்ளுகிறது.

‘ஆட்டோ சங்கர்’ சுயசரிதை தொடர்பாக ‘நக்கீரன்’ ஆசிரியர் ராஜகோபால் தொடுத்த வழக்கில், 1994-லேயே உச்ச நீதிமன்றம் இதைப் பேசியிருக்கிறது. குடும்பம், திருமணம், தாய்மை போன்றவற்றை ஒருவரின் சம்மதம் இல்லாமல் வெளியிடக் கூடாது. உண்மையாக இருந்தாலும், பாராட்டாகவே இருந்தாலும் சரி. அதேசமயம், அரசு அதிகாரிகள் பணியில் செய்யும் செயல்களுக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை என்றும் சொன்னது. போலீஸ்காரரின் லத்தியைப் படம் பிடிப்பது வேறு, பிள்ளையைத் தவறவிட்ட தாயைத் துரத்துவது வேறு. 2017-ல் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று ஒன்பது நீதிபதிகள் அமர்வே தீர்ப்பளித்துவிட்டது.

ஆனால், பார்த்துக்கொண்டே இருப்பவரை எந்தக் கோர்ட்டும் கூப்பிட்டுக் கேட்கப்போவதில்லை. குரூப்பில் அடுத்த வீடியோ வரும்போது, அதில் இருப்பவர் உங்கள் தெருவில் குடியிருந்தால் ஃபார்வேர்டு செய்வீர்களா?

(மன உளைச்சலில் இருப்பவர்கள் 104 அல்லது 14416 என்ற எண்ணில் பேசலாம்.)