கறை பாறையுடையது, பழி மட்டும் நமக்கு

"பல்லை நல்லா வெளக்கிட்டு வா" என்று வகுப்பில் எல்லோர் முன்னாலும் ஆசிரியர் சொன்ன நாளிலிருந்து, அந்தச் சிறுமி வாயைக் கையால் பொத்திக்கொண்டுதான் சிரிக்கிறாள். ஏழாம் வகுப்பு படிக்கிறாள். தருமபுரி மாவட்டம், பாலக்கோடு பக்கத்தில் ஒரு காலனி. காலையில் பற்பசை, மாலையில் உப்பும் கரித்தூளும் என்று ஈறு புண்ணாகும்வரை தேய்த்துப் பார்த்துவிட்டாள். முன்பற்களில் குறுக்காக ஓடும் பழுப்புக் கோடுகள் போகவில்லை.

போகவும் போகாது. அது அழுக்கே இல்லை. பல் முளைக்கும் முன்பே அதற்குள் பதிந்துவிட்ட ஃபுளோரைடின் தடம்.

"காலனிப் பிள்ளைங்க பல்லு வெளக்காதுங்கன்னு ஊர்ல பேசறாங்க. நாளைக்குப் பொண்ணு பாக்க வர்றவங்க என்ன சொல்லுவாங்க?" என்று கேட்டார் அவளுடைய அம்மா. அவர் சிரித்தபோது அவருடைய பற்களிலும் அதே கோடுகள். பாட்டிக்கோ கழுத்தைத் திருப்ப முடியவில்லை. யாராவது கூப்பிட்டால் உடம்போடு சேர்ந்துதான் திரும்புகிறார். மூன்று தலைமுறை, ஒரே கைப்பம்பு.

பாறையிலிருந்து பல்லுக்கு

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்கள் கடினப் பாறையின் மேல் அமைந்தவை. கிரானைட், நைஸ், சார்னோக்கைட் என்னும் இந்தப் பாறைகளில் அபடைட், பயோடைட், ஹார்ன்பிளென்ட் போன்ற கனிமங்கள் கலந்திருக்கின்றன. ஃபுளோரின் ஒளிந்திருப்பது அவற்றில்தான். பாறை வெடிப்புகளுக்குள் இறங்கும் மழைநீர் ஆண்டுக்கணக்கில் அங்கேயே தேங்கி நிற்கும்போது, அந்தக் கனிமங்களிலிருந்து ஃபுளோரைடு கரைந்து வருகிறது.

தண்ணீரில் சுண்ணாம்புச் சத்து போதுமான அளவு இருந்தால் அது ஃபுளோரைடைப் பிடித்துக் கீழே படியவைத்துவிடும். ஆனால், வறண்ட நிலத்தில் சுண்ணாம்பு முன்னதாகவே சுண்ணாம்புக் கற்களாக மண்ணில் படிந்துவிடுகிறது. மிஞ்சுவது சோடியமும் பைகார்பனேட்டும் மிகுந்த காரத்தன்மை கொண்ட தண்ணீர். அதில் ஃபுளோரைடு தங்குதடையின்றிச் சேர்ந்துகொண்டே போகிறது. மேலாக ஊறும் கிணற்று நீர் ஒவ்வொரு மழைக்கும் புதிதாகிறது. ஆழ்துளைக் கிணற்று நீருக்கு அந்த வாய்ப்பு குறைவு.

குடிநீரில் ஒரு லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை ஃபுளோரைடு இருக்கலாம் என்கிறது இந்தியத் தர நிர்ணயம். வேறு தண்ணீரே கிடைக்காத இடத்தில் 1.5 வரை பொறுத்துக்கொள்ளலாம். அதற்கு மேல் போனால் ஆபத்து. ஃபுளோரைடுக்கு நிறம் இல்லை, மணம் இல்லை, சுவையும் இல்லை. காய்ச்சிக் குடித்தாலும் போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட அதன் செறிவு கூடத்தான் செய்யும்.

நிரந்தரப் பற்களின் எனாமல் ஏறக்குறைய எட்டு வயதுக்குள் ஈறுக்குள்ளேயே உருவாகிவிடுகிறது. அந்த வயதில் குடித்த தண்ணீரின் கணக்கு வாழ்நாள் முழுக்கப் பல்லில் தெரியும். அதற்குப் பிறகு குடிப்பது எலும்பில் சேருகிறது. முதலில் மூட்டுவலி, இடுப்புவலி. பிறகு கழுத்தும் முதுகெலும்பும் இறுகிப்போகின்றன. இறுகிய எலும்பைப் பழைய நிலைக்குக் கொண்டுவர மருந்து இல்லை.

இது புதிதாகத் தெரிய வந்த நோயும் அல்ல. 1937-லேயே, அன்றைய சென்னை மாகாணத்தின் நெல்லூர் பகுதி மக்களை ஆராய்ந்து, கிண்டி கிங் நிறுவனத்தின் இயக்குநர் ஷார்ட்டும் அவருடைய சகாக்களும் இந்நோயைப் பதிவு செய்துவிட்டார்கள்.

கிணறு மறுக்கப்பட்டவர்களின் கைப்பம்பு

"நான் வாக்கப்பட்டு வந்தப்ப கவுண்டர் கெணத்து மேட்டுல கொடத்த வெச்சுக்கிட்டு நிப்போம். யாராச்சும் மனசு வந்து ஊத்தினாத்தான் தண்ணி. கவர்மெண்டுல பம்பு போட்டுக் குடுத்தப்ப பொங்க வெச்சுக் கும்பிட்டோம்" என்றார் அந்தப் பாட்டி.

பொதுக் கிணறுகளும் குளங்களும் சாலைகளும் எல்லோருக்கும் உரியவை என்று சென்னை சட்டமன்றத்தில் இரட்டைமலை சீனிவாசன் தீர்மானம் கொண்டுவந்தது 1924-ல். மகாடு சவுதார் குளத்தில் அண்ணல் அம்பேத்கர் இறங்கித் தண்ணீர் அள்ளிக் குடித்தது 1927 மார்ச் 20-ல். காகிதத்தில் உரிமை வந்த பிறகும் கிணற்று மேட்டில் குடத்தோடு காத்திருந்த தலைமுறைகள் நமக்கு உண்டு. அந்தக் காத்திருப்பை முடித்துவைத்தது கைப்பம்பு. 1970-களின் பிற்பகுதியில் யுனிசெஃப் துணையோடு உருவான இந்தியா மார்க்-2 கைப்பம்பு கடினப் பாறைப் பகுதிகளில் ஊர் ஊராக நடப்பட்டது. யாரிடமும் கையேந்தாமல் தண்ணீர் இறைத்துக்கொள்ள முடிந்தது நமக்குச் சிறிய விடுதலை அல்ல.

அந்த விடுதலைக்குள்தான் பாறையின் நஞ்சும் கலந்து வந்தது. துளை போட்டவர்கள் தண்ணீர் வருகிறதா என்று பார்த்தார்கள். அதில் என்ன வருகிறது என்று பார்த்தவர்கள் குறைவு.

யார் அதிகம் குடிக்கிறார்கள்?

பாறைக்குச் சாதி தெரியாது. ஊர்த்தெருவிலும் கறைப் பற்கள் உண்டு. ஆனால், ஒரே தண்ணீர் எல்லா உடம்பையும் ஒரே மாதிரி தாக்குவதில்லை.

ஒரு லிட்டரில் 3 மில்லிகிராம் ஃபுளோரைடு உள்ள தண்ணீர் என்று வைத்துக்கொள்வோம். நிழலில் உட்கார்ந்து வேலை செய்பவர் நாளுக்கு இரண்டு லிட்டர் குடித்தால் உடம்புக்குள் போவது 6 மில்லிகிராம். வெயிலில் களையெடுப்பவரும் செங்கல் சூளையில் மண் மிதிப்பவரும் கல்குவாரியில் கல் உடைப்பவரும் ஐந்து லிட்டர் குடிப்பார்கள். அவர்களுக்குப் போவது 15 மில்லிகிராம். சோறு வடிக்கும் தண்ணீரும் அதுவே. டீத்தூளிலும் ஃபுளோரைடு உண்டு. பசியை அடக்கப் பால் இல்லாத டீயை மூன்று வேளையும் குடிப்பவர்களின் கணக்கு இன்னும் கூடும்.

பாலும் முட்டையும் கீரையும் நெல்லிக்காயும் சாப்பிடும் உடம்பு ஓரளவு தாக்குப்பிடிக்கும். சுண்ணாம்புச் சத்தும் வைட்டமின் சி-யும் புரதமும் குறைந்த உடம்பில் அதே அளவு ஃபுளோரைடு கூடுதலாகக் கேடு செய்கிறது. 1970-களில் நல்கொண்டா பகுதியில் முழங்கால் உள்நோக்கி வளைந்த வளரிளம் பருவத்தினரை ஹைதராபாத் தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தினர் ஆராய்ந்தார்கள். பாதிக்கப்பட்டவர்கள் சோளத்தை முதன்மை உணவாகக் கொண்ட ஏழை வேளாண் குடும்பத்தினர். ஃபுளோரைடோடு, உணவில் இருந்த மாலிப்டினத்தின் அளவையும் உடலில் தாமிரம் குறைந்ததையும் சேர்த்தே அவர்கள் காரணம் தேடினார்கள். அதாவது, தண்ணீரும் தட்டும் சேர்ந்துதான் எலும்பை வளைக்கின்றன. கூலியும் நிலமும் யாரிடம் இருக்கின்றன என்ற கேள்வியும் அந்தத் தட்டில்தான் வந்து நிற்கிறது.

உப்பு வந்தது, குழாய் வரவில்லை

மண்ணிலும் நீரிலும் சில சத்துகள் குறைந்தால் நோய், சில மிகுந்தால் நோய். அயோடின் குறைந்த பகுதிகளில் கழுத்துக்கழலை வந்தது. அதற்கான தேசியத் திட்டம் 1962-ல் தொடங்கியது. இன்று எந்தப் பெட்டிக்கடையிலும் அயோடின் உப்பு கிடைக்கிறது. உப்புப் பொட்டலம் யாருடைய தெருவுக்குப் போகிறோம் என்று பார்ப்பதில்லை. ஃபுளோரைடுக்கு அப்படிப் பொட்டலம் கிடையாது. அதற்கான தீர்வு குழாயில்தான் வந்தாக வேண்டும். குழாய் தெருத்தெருவாகத்தான் போகும். தெருக்கள் சாதிவாரியாகத்தான் இருக்கின்றன.

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களுக்கு இந்த நோயை மனதில் வைத்தே ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்தது. 1,900 கோடி ரூபாய்க்கும் மேல் செலவில், ஜப்பானியக் கடனுதவியோடு நிறைவேறி 2013-ல் தொடங்கிவைக்கப்பட்டது. திட்டத்தின் பெயரிலேயே ஃபுளோரோசிஸ் தடுப்பு இருக்கிறது. காவிரித் தண்ணீர் வந்த தெருக்களில் பிறந்து வளரும் பிள்ளைகளுக்கு அது பெரும் வரம்.

நாம் பார்த்த காலனியில் அந்தக் குழாய் கடைக்கோடியில் இருக்கிறது. ஊர்த்தெருவில் தொட்டிகளும் டிரம்களும் நிறைந்த பிறகு இங்கே நூலாக வடிகிறது. பற்றாக்குறையைச் சமாளிக்க மேல்நிலைத் தொட்டியில் ஆழ்துளைத் தண்ணீரையும் ஏற்றிக் கலந்துவிடுகிறார்கள். 3 மில்லிகிராம் உள்ள தண்ணீரைச் சரிபாதி காவிரித் தண்ணீரோடு கலந்தாலும் 1.5-க்குக் கீழே இறங்காது. வசதி உள்ளவர்கள் ஆர்.ஓ. சுத்திகரித்த கேன் தண்ணீரை வாங்கிக்கொள்கிறார்கள். அன்றாடக் கூலிக்குப் போகிறவர் கைப்பம்புக்குத்தான் போகிறார். 2022 டிசம்பரில் வேங்கைவயலில் நம் குடிநீர்த் தொட்டிக்குள் கலக்கப்பட்டதைக் கண்டு நாடே அதிர்ந்தது. கண்ணுக்குத் தெரியாமல் தினமும் கலப்பதைக் கண்டு யாரும் அதிர்வதில்லை.

கிராம சபையில் கேட்போம்

இதைச் சரிசெய்யப் புதிய கண்டுபிடிப்பு எதுவும் தேவையில்லை. ஜல் ஜீவன் திட்டத்தில் தண்ணீரைப் பரிசோதிக்க ஊருக்கு ஐந்து பெண்களுக்குப் பயிற்சி தர வேண்டும் என்பது விதி. அந்த ஐவரில் காலனிப் பெண்கள் இருக்கிறார்களா என்று கேட்போம். சோதனைப் பெட்டியில் உள்ள மருந்தைத் தண்ணீரில் விட்டால், ஃபுளோரைடு கூடக் கூட இளஞ்சிவப்பு மாறி மஞ்சளாகும். பள்ளிப் பிள்ளைகள்கூடப் பார்த்துச் சொல்லிவிடலாம். சந்தேகம் வந்தால் குடிநீர் வடிகால் வாரியத்தின் ஆய்வகத்துக்கு அனுப்பலாம்.

மார்ச் 22, உலகத் தண்ணீர் நாள். அன்று கிராம சபை கூடும். நம் காலனியின் ஒவ்வொரு கைப்பம்புக்கும் தொட்டிக்கும் உரிய ஃபுளோரைடு அளவை அன்று வாய்விட்டு வாசிக்கச் சொல்வோம். அளவு மீறிய பம்புக்குச் சிவப்புப் பெயின்ட் அடிக்கச் சொல்வோம். அதில் துவைக்கலாம், குடிக்கக் கூடாது. குடிக்கவும் சமைக்கவும் கலப்பில்லாத காவிரித் தண்ணீரை, எட்டு வயதுக்கு உட்பட்ட குழந்தைகள் உள்ள வீடுகளுக்கும் அங்கன்வாடிக்கும் முதலில் கொடுக்கச் சொல்வோம். பொதுத் தண்ணீரைப் பயன்படுத்த விடாமல் நம்மைத் தடுப்பது வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்படி குற்றம் என்பதையும் தீர்மானப் புத்தகத்தில் எழுதவைப்போம்.

ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள். பழுப்புக் கோடு ஓடிய பல்லைப் பார்த்தால் பிள்ளையிடம் பிரஷ்ஷைப் பற்றிக் கேட்காதீர்கள். எந்தத் தண்ணீர் குடிக்கிறாய் என்று கேளுங்கள்.

நாம் கிளம்பும்போது அந்தச் சிறுமியின் தம்பி ஓடிவந்து கையசைத்தான். மூன்று வயது. சிரித்தான். பால் பற்கள் வெள்ளையாக இருந்தன. அவனுடைய நிரந்தரப் பற்கள் இப்போதுதான் ஈறுக்குள் உருவாகிக்கொண்டிருக்கின்றன. நமக்கு இருப்பது இன்னும் ஐந்து ஆண்டுகள்.