உங்களுக்குத் தெரியுமா? ஓசூர்க்காரர் பாட்டும் கவர் பாடல் சட்டமும்

பிறர் பாடிப் புகழ்பெற்ற பாட்டுகளை மட்டும் மறுபடி பாடி 'கவர்' ஆல்பம் போடுவது ஜப்பானில் பெரிய சந்தை. ஹிதேயாகி தொகுனாகா என்ற பாடகர், பாடகிகளின் ஹிட் பாடல்களைத் தன் குரலில் பாடி 'வோக்கலிஸ்ட்' வரிசையை 2005இல் தொடங்கினார். 2015க்குள் ஆறு தொகுப்புகள்!

நம் பக்கமும் பலர் மறுபடி பாடும் பாட்டு ஒன்று உண்டு. அதைப் பார்க்க ஓசூர் பக்கம் வருவோம். ஊரைச் சுற்றிலும் தொழிற்சாலைகள். அவற்றைத் தாண்டினால் தொரப்பள்ளி. 1878இல் ராஜாஜி பிறந்த வீடு இப்போது நினைவில்லம். அவர் 1967இல் எழுதிய 'குறை ஒன்றும் இல்லை' பாட்டுக்கு கடையநல்லூர் வெங்கடராமன் சிவரஞ்சனி, காபி, சிந்துபைரவி என மூன்று ராகங்களில் இசை கோத்தார். எம்.எஸ். சுப்புலட்சுமி பாடினார். பிறகு பாடாதவர் யார்?

ஆனால் கவர் ஆல்பமாக விற்கச் சட்டம் உண்டு. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012இல் சேர்ந்த 31சி பிரிவின்படி, முதல் ஒலிப்பதிவு நடந்த ஆண்டு முடிந்து ஐந்து ஆண்டுகள் கழியவேண்டும். உரிமையாளருக்கு முன்னறிவிப்பும் ராயல்டியும் தரவேண்டும். ஆண்டுக்குக் குறைந்தது 50,000 பிரதிகளுக்குக் கணக்கு. சின்ன பாடகருக்கு இது கொஞ்சம் கனமான தொகைதான். மொழியின் புழக்கத்தைப் பார்த்து இந்த எண்ணிக்கையைக் குறைக்கவும் வழி வைத்திருக்கிறார்கள். அட்டையில் 'கவர்' என்று அச்சிடுவது கட்டாயம். மூலப் பாடகரின் பெயரையோ படத்தையோ போட்டு வாங்குபவரைக் குழப்பக்கூடாது.

ஓசூர் மலைமேல் சந்திரசூடேஸ்வரர் கோயில் பூஜையில் பாடினால்? சமயச் சடங்குக்கு விலக்கு உண்டு, தாராளமாகப் பாடலாம். பதிப்புரிமை எழுதியவர் இறந்து 60 ஆண்டு வரை என்ற கணக்குப்படி, 1972இல் மறைந்த ராஜாஜியின் வரிகள் 2033 ஜனவரியில் பொதுச்சொத்தாகும். இசைக்குக் கணக்கு தனி.