பதிலீட்டு மறையெழுத்தும் தமிழ்ப் பிராமி வாசிப்பும்

முன்னுரை

ஓர் எழுத்துக்கு மாற்றாக வேறோர் எழுத்தையோ குறியையோ செய்தி முழுவதும் ஒரே சீராக வழங்குவது எளிய பதிலீட்டு மறையெழுத்து ஆகும். நன்னூல் கூறும் குழூஉக்குறி சொல்லை மாற்றுகிறது. மறையெழுத்து எழுத்தை மாற்றுகிறது. வடிவம் மாறினும் மொழிக்குள் எழுத்து வழங்கும் முறை மாறுவதில்லை. அம்முறையே மறைப்பைத் திறக்கும் வழி என்பதை எழுத்திலக்கணத்தின் துணையோடும் தமிழ்ப் பிராமி வாசிப்பு வரலாற்றின் வழியும் இக்கட்டுரை விளக்குகிறது.

எழுத்திலக்கணம் தரும் தடயங்கள்

தமிழின் 18 மெய்களைத் தமக்குள் இடம்மாற்றும் வழிகள் மட்டும் ஏறத்தாழ 6,402 இலட்சம் கோடி. அவற்றை ஒவ்வொன்றாகச் சோதித்தல் இயலாது. 9ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அரபு அறிஞர் அல் கிந்தி, மிகுதியாக வரும் குறியை அம்மொழியில் மிகுதியாக வழங்கும் எழுத்தோடு பொருத்திப் பார்க்கும் முறையை வகுத்தார். செய்தி சிறிதாயின் எண்ணிக்கை மட்டும் போதாது. அங்கு இலக்கண வரையறைகள் உதவுகின்றன.

க், ச், த், ப் என்னும் மெய்கள் தம்மொடு தாமே மயங்கும். ஆகவே, புள்ளி பெற்ற ஒரு குறியை அடுத்து எப்போதும் அதே குறி வருமாயின், அது இந்நான்கனுள் ஒன்றாதல் கூடும். ஒருபோதும் இரட்டிக்காத குறி ர் அல்லது ழ் ஆகலாம். ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகியன மொழிமுதல் வாரா. வல்லின மெய்கள் மொழியிறுதியில் நில்லா. புணர்ச்சியில் மிகும் வல்லொற்று சொல்லிறுதியில் எழுதப்படினும், அடுத்த சொல்லின் முதல் மெய்யை அதுவே காட்டிவிடும். பிறமொழிச் சொற்கள் மிகுந்த செய்தியில் இவ்வரையறைகள் தளரும்.

தமிழ்ப் பிராமி வாசிப்பு

பண்டைய கல்வெட்டுகள் மறைக்கும் நோக்கில் பொறிக்கப்பட்டவை அல்ல. எழுத்து வழக்கொழிந்ததால் அவை மறைபொருளாயின. எனினும் வாசிக்கும் நெறி ஒத்ததே. சாஞ்சியின் சிறு கல்வெட்டுகள் பல ஒரே இரண்டு எழுத்துகளில் முடிவதைக் கண்ட ஜேம்ஸ் பிரின்செப், அவை 'தானம்' என்னும் சொல்லாகலாம் என ஊகித்தார். 1837இல் அவர் அசோகன் பிராமியைப் படிக்க அவ்வூகம் வழிவகுத்தது.

அதே மதிப்புகளைக் கொண்டு தமிழகக் குகைக் கல்வெட்டுகளைப் படித்தபோது பொருள் தெளிவாகவில்லை. 1924இல் கே. வி. சுப்பிரமணிய ஐயர், ழ, ள, ற, ன ஆகியவற்றுக்குத் தனிக்குறிகள் இருத்தலையும் வடமொழி வருக்க எழுத்துகள் அருகியிருத்தலையும் சுட்டி, அவற்றின் மொழி தமிழே எனக் காட்டினார். எழுத்துமுறைச் சிக்கலை ஐராவதம் மகாதேவன் 1960களில் தெளிவுபடுத்தினார். தொடக்கநிலைக் கல்வெட்டுகளில் பக்கக்கோடு பெற்ற மெய் அகரத்தையும் ஆகாரத்தையும் ஏற்கும். கோடு பெறாதது தனிமெய். அசோகன் முறையில் 'மாகான' எனத் தோன்றுவது 'மகன்' என்பதே.

இவ்வாசிப்பின் பயனுக்குச் சான்று, வேங்கிக்கால், திருவண்ணாமலைப் பகுதிக்குத் தெற்கே திருக்கோவிலூரை அடுத்துள்ள ஜம்பையில் 1981இல் கண்டறியப்பட்ட கல்வெட்டாகும். அது அதியமான் நெடுமான் அஞ்சியைச் 'சதியபுதோ' எனக் குறிக்கிறது. அசோகர் கல்வெட்டுகள் சுட்டும் சத்தியபுத்திரர் யார் என்ற வினாவுக்கு அதனால் விடை கிடைத்தது.

முடிவுரை

குறிக்கு அளிக்கும் மதிப்பு ஓரிடத்தில் மட்டும் பொருந்தினால் அது ஊகமே. எல்லா இடங்களிலும் பொருந்தி, மொழியின் இலக்கணத்திற்கும் இயைந்து, பொருள் தரும்போதே அது வாசிப்பாகும். மொழி இன்னதென்று உறுதியாகாத சிந்துவெளி எழுத்துக்கு முன்வைக்கப்படும் வாசிப்புகளையும் இவ்வளவுகோலால் மதிப்பிடுதல் வேண்டும்.